கற்பனைச் சுவடியில் காலம்

(வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



பத்தாண்டு என்பது ஓர் இலக்கிய வட்டத்தின் வாழ்வில் சிறிய காலம் அன்று. சிற்றிதழ்கள் மூன்றாம் இதழோடு நின்றுபோவதையும், அமைப்புகள் இரண்டாம் ஆண்டறிக்கைக்கு முன்பே கலைந்துபோவதையும் நாம் கண்கூடாகக் கண்டிருக்கிறோம். அவற்றுக்கிடையே, ஒரு வாடகை அறையில் மாதம் ஒருமுறை கூடி, கவிதை படித்து, அதன்மேல் சண்டையும் இட்டு, அடுத்த மாதம் மீண்டும் கூடுகிற பழக்கத்தைப் பத்தாண்டுகள் காத்து வந்திருக்கிறோம். இவ்விழாவில் காலத்தைப் பற்றிப் பேசுமாறு அமைப்பாளர்கள் பணித்தார்கள். காலம் பெரும்பொருள், அறிவியலாரும் மெய்யியலாரும் பேச வேண்டியது. அதில் ஒரு சிறு கூற்றை மட்டும் நான் எடுத்துக்கொள்கிறேன். இல்லாத ஒரு பழஞ்சுவடியைப் புனைந்து, அந்தச் சுவடிக்குள் காலத்தை வைத்துப் பார்த்த படைப்பாளிகளைப் பற்றியது அது. இப்பொருளை நான் தேர்ந்ததற்கு, மூன்றாண்டுகளாக என் மனத்தில் கிடந்து உறுத்தும் ஒரு நிகழ்ச்சி காரணம். அதிலிருந்தே தொடங்குகிறேன்.

மூன்றாண்டுகளுக்கு முன் நம் மாதக் கூட்டம் ஒன்றில் இளைய நண்பர் ஒருவர் சில தாள்களோடு வந்தார். பாட்டனார் வீட்டுப் பரணில் கிடைத்த ஏட்டுக்கட்டு ஒன்றிலிருந்து படியெடுத்தவை என்று சொல்லிப் படிக்கலானார். பன்னிரண்டு ஏடுகள். அவை ஒரு விந்தையான நாட்டைப் பேசின. அந்நாட்டில் காலம் மலையிலிருந்து ஆறாக இறங்குகிறது. ஊர்கள் அதனை ஏரிகளில் தேக்கி வைத்திருக்கின்றன. மதகு திறக்கும் நாளில்தான் அங்கே பயிர் வளரும், குழந்தை வளரும், முதியோர்க்கு நரை கூடும். தலைமடை ஊரார் முறைக்கு மேல் காலத்தை எடுத்துக்கொள்கிறார்கள். அவர்களுக்கு மூன்று தலைமுறை கழிகிறது. கடைமடை ஊருக்குக் காலம் வந்து சேர்வதே இல்லை. அங்கே ஒருத்தி கைக்குழந்தையோடு நின்றவள் நின்றபடியே இருக்கிறாள். கடைசி ஏட்டில் அவள் மேலூருக்குச் சொல்லி அனுப்புகிறாள்: நான் முதுமையடைய அஞ்சவில்லை, என் குழந்தை நடக்க வேண்டும், மதகைத் திறந்துவிடுங்கள் என்று.

படித்து முடித்ததும் அறையில் யாரும் பேசவில்லை. முதலில் எழுந்து பேசியவன் நான். கால்மணி நேரம் பேசினேன். மொழிநடையை வைத்துப் பார்த்தால் இது 17ஆம் நூற்றாண்டுக்குப் பிற்பட்டதாக இருக்க முடியாது என்றேன். ஒரு சொல்லாட்சியை எடுத்துக்காட்டி, இத்தகைய ஆட்சி இன்றைய கவிஞர் எவர்க்கும் கைவராது என்றும் சொன்னேன். நான் அமர்ந்த பிறகு நண்பர் எழுந்து, ஏடும் இல்லை, பரணும் இல்லை, இரண்டு வாரமாகத் தாமே எழுதியது என்று அமைதியாகச் சொன்னார். ஒருவர் சிரித்தார். மூத்தவர் ஒருவர், பழைய நூல்களை ஏளனம் செய்கிறாயா என்று சினந்து வெளியேறினார். நான் வாய் திறக்கவில்லை. ஆறு மாதம் கழித்து நம் வட்டத்தின் கவிதைத் தொகுப்புக்குப் படைப்புகளைத் தேர்ந்த குழுவில் நானும் இருந்தேன். அந்தக் கவிதை வேண்டாம் என்று சொன்னவர்களுள் நானும் ஒருவன். அது ஏமாற்று என்று காரணம் சொன்னேன். நண்பர் ஓராண்டுக் காலம் கூட்டங்களுக்கு வரவில்லை.

கவிதையின் ஓர் எழுத்துக்கூட மாறவில்லை. ஆயினும் அரைமணி நேரத்துக்குள் என் மதிப்பீடு தலைகீழாயிற்று. பழையது என்று எண்ணியபோது போற்றினேன். புதியது என்று அறிந்தபோது ஒதுக்கினேன். அங்கே நடந்தது ஏமாற்றா, இலக்கியமா? இவ்வினாவைப் பிறமொழிப் படைப்பாளிகள் சிலரிடம் கொண்டுசென்றேன். அவர்கள் சொன்ன விடையையே இங்கே பகிர்ந்துகொள்ள விழைகிறேன்.

கற்பனைச் சுவடி என்னும் உத்தி இன்று நேற்றுத் தோன்றியதன்று. ஸ்பானிய மொழியில் செர்வாந்தேஸ் எழுதிய ‘டான் குவிக்ஸாட்’ 1605இல் வெளிவந்தது. அதன் எட்டாம் அத்தியாயத்தின் இறுதியில் நாயகனும் எதிரி ஒருவனும் வாளை ஓங்கி நிற்கிறார்கள். அவ்விடத்தில் ஆசிரியர் கதையை நிறுத்திவிடுகிறார். மூலத்தில் இதற்குமேல் கிடைக்கவில்லை என்கிறார். ஒன்பதாம் அத்தியாயத்தில் அவர் தொலேதோ நகரின் கடைத்தெருவில் நிற்கிறார். பழந்தாள்களை விற்க வந்த சிறுவனிடம் அரபு எழுத்திலான ஏடுகளைக் காண்கிறார். அரபு அறிந்த ஒருவரைப் படிக்கச் சொல்கிறார். அதுவே சீதே ஹமேத்தே பெனெங்கேலி என்னும் அரபு வரலாற்றாசிரியர் எழுதிய மீதிக்கதை! அரை ரியால் காசுக்கு அதை வாங்கி, உலர்ந்த திராட்சையும் கோதுமையும் கூலியாகக் கொடுத்து மொழிபெயர்ப்பிக்கிறார். அதன்பின்தான் ஓங்கிய வாள்கள் கீழிறங்குகின்றன.

சுவடி கிடைக்கும்வரை வாள் அந்தரத்தில் நிற்கிறது என்பதைக் கருதிப் பாருங்கள். கதைக்குள் ஓடும் காலம் ஒன்று, அக்கதையைத் தேடுகிறவனின் காலம் வேறொன்று, படிக்கிற நம் காலம் மற்றொன்று என மூன்றும் தனித்தனியே தெரியுமாறு செய்துவிடுகிறார் செர்வாந்தேஸ். அதேவேளை அவர் நம்மை ஏமாற்றவும் இல்லை. 1615இல் வந்த இரண்டாம் பகுதியில் சாஞ்சோ, பெனெங்கேலி என்ற பெயரைக் கத்தரிக்காய் என்று பொருள்படும் சொல்லாகக் குழப்பிக்கொள்கிறான். அந்தச் சிரிப்பே வாசகனுக்குத் தரப்படும் உறுதிமொழி: இஃது எனக்கும் உனக்கும் தெரிந்த விளையாட்டு என்பது. இடையில், 1614இல், யாரோ ஒருவர் புனைபெயரில் ‘டான் குவிக்ஸாட்’டுக்குப் போலி இரண்டாம் பகுதி ஒன்றை வெளியிட்டார். செர்வாந்தேஸ் அதன்மேல் சினம்கொண்டார். கற்பனைச் சுவடியைக் கட்டிய கை, போலி நூலைப் பொறுத்துக்கொள்ளவில்லை. புனைவும் போலியும் ஒன்றல்ல என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

காலத்தையே பொருளாகக் கொண்ட கற்பனைச் சுவடிக்கு இனி வருவோம். அர்ஜென்டினா நாட்டு எழுத்தாளர் ஹோர்ஹே லூயிஸ் போர்ஹெஸ் 1941இல் வெளியிட்ட சிறுகதை ஒன்றின் பெயரைக் ‘கிளைவிடும் பாதைகளின் தோட்டம்’ என்று தமிழாக்கலாம். அதில் சூய் பென் என்னும் பழைய சீன ஆளுநர் வருகிறார். பதவியைத் துறந்து 13 ஆண்டுகள் தனித்திருந்து இரண்டு செயல்களைச் செய்ய முனைகிறார்: ஒரு புதினம் எழுதுவது, யாரும் வழி கண்டுபிடிக்க முடியாத ஒரு புதிர்மனை கட்டுவது. அயலான் ஒருவன் கையால் அவர் மாண்டபிறகு, வாரிசுகளுக்குக் கிடைத்தவை முன்னுக்குப்பின் முரணான கையெழுத்துத் தாள்கள் மட்டுமே. மூன்றாம் அத்தியாயத்தில் இறந்த நாயகன் நான்காம் அத்தியாயத்தில் உயிரோடு இருக்கிறான். புதிர்மனை எங்கும் காணப்படவில்லை. குடும்பத்தார் தாள்களை எரிக்க எண்ணினார்கள்.

பல தலைமுறைக்குப்பின் ஆங்கிலேய அறிஞர் ஒருவர் அதன் முடிச்சை அவிழ்க்கிறார். புதினமும் புதிர்மனையும் வேறுவேறல்ல, நூலே புதிர்மனை. அதன் பாதைகள் நிலத்தில் கிளைவிடுபவை அல்ல, காலத்தில் கிளைவிடுபவை. மற்றக் கதைகளில் ஒருவன் ஒரு வழியைத் தேர்ந்தால் பிற வழிகள் அழிந்துவிடும். சூய் பென்னின் நூலில் எல்லா வழிகளும் ஒருங்கே நிகழ்கின்றன. அத்தனை பெரிய நூலில் ‘காலம்’ என்ற சொல் மட்டும் ஓரிடத்திலும் இல்லை. விடுகதை போடுகிறவன் விடையைச் சொல்லக்கூடாதல்லவா? எதைப் பற்றி ஒரு நூல் முழுமையாகப் பேசுகிறதோ அதன் பெயரை அந்நூல் உச்சரிப்பதில்லை. கவிஞர்களாகிய நமக்கு இது நல்ல பாடம். ‘சோகம்’ என்ற சொல்லை ஐந்துமுறை எழுதிச் சோகத்தை வரவழைக்க முயல்கிற கவிதைகளை இந்த வட்டத்தில் நாமே எழுதியிருக்கிறோம்.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. முதல் உலகப்போர் நடந்துகொண்டிருக்கிறது. சுவடியின் பொருளைக் கேட்டுக்கொண்டு எதிரே அமர்ந்திருப்பவன் சூய் பென்னின் வழித்தோன்றல். ஜெர்மானியருக்கு ஒற்றனாக வந்தவன். தாக்க வேண்டிய ஊரின் பெயரும் அந்த அறிஞரின் பெயரும் ஒன்று, ஆல்பர்ட். அவரைக் கொன்றால் செய்தித்தாளில் வரும் பெயரின் வாயிலாகத் தன் தலைவர்க்குச் செய்தி போய்ச் சேரும். தன் மூதாதைக்கு நீதி செய்த மனிதரை அவன் சுட்டுக்கொல்கிறான். எண்ணற்ற காலங்களில் அவ்விருவரும் நண்பர்களாக இருக்கக்கூடும். நாம் வாழும் இந்த ஒற்றைக் காலத்தில் அவர் பிணமாகக் கிடக்கிறார். சுவடி எத்தனை வாயில்களைத் திறந்து காட்டினாலும் மனிதன் செய்த செயலைத் திரும்பப் பெற முடியாது என்பதே கதையின் கசப்பு. கற்பனைச் சுவடி காலத்திலிருந்து தப்பிக்கும் வழி என்று சிலர் கருதுவர். போர்ஹெஸ் அதை நமது ஒற்றைக் காலத்தின் கனத்தைக் காட்டும் நிறைகோலாகப் பயன்படுத்தினார்.

அடுத்து, 1967இல் புவனோஸ் ஐரிஸ் நகரில் வெளிவந்த காப்ரியேல் கார்சியா மார்க்வெஸின் ‘தனிமையின் நூறு ஆண்டுகள்’. கொலம்பியாவின் கற்பனை ஊராகிய மகோந்தோவுக்கு மெல்கியாதெஸ் என்னும் நாடோடி வருகிறான். புயேந்தியா குடும்பத்தின் வீட்டில் ஓர் அறையில் அமர்ந்து சுவடிகளை எழுதிவிட்டு இறந்துபோகிறான். தலைமுறைதோறும் ஒருவர் அவற்றைப் படிக்க முயன்று தோற்கிறார். இறுதியில் கடைசி வாரிசு அவுரேலியானோ அவற்றின் மொழி சமஸ்கிருதம் என்று கண்டறிந்து, அம்மொழியைக் கற்றுப் படிக்கிறான். அது வேறொன்றுமில்லை, அந்தக் குடும்பத்தின் நூறாண்டு வரலாறு, நடப்பதற்கு நூறாண்டு முன்னரே எழுதப்பட்டது. நிகழ்ச்சிகள் ஒன்றன்பின் ஒன்றாக அதில் வரிசைப்படவில்லை. ஒரு நூற்றாண்டின் அன்றாடங்கள் யாவும் ஒரே கணத்தில் உடனிருக்குமாறு எழுதப்பட்டிருந்தன. அவன் படிக்கப் படிக்க, படித்துக்கொண்டிருக்கும் தன்னையே சுவடியில் காண்கிறான். அப்பொழுது வீசும் சூறைக்காற்று ஊரை அடியோடு துடைத்துச் செல்கிறது.

சமஸ்கிருதம் அங்கே ஏன் வந்தது என்று நம்மில் சிலர் வியக்கக்கூடும். தென்னமெரிக்கப் புதினத்துக்குக் கிடைக்கக்கூடிய மிகத் தொலைவான பழமை அது. நமக்கோ பக்கத்து வீட்டுப் பேச்சு. பழமை என்பதும் தொலைவு என்பதும் நிற்கும் இடத்தைப் பொறுத்தவை என்பதை இச்சிறு செய்தி நினைவூட்டுகிறது. சுவடி இருக்கும் அறையைப் பற்றி மார்க்வெஸ் சொல்வது அதனினும் சுவையானது. அவ்வறையில் எந்நாளும் மார்ச் மாதம், எந்நாளும் திங்கட்கிழமை. காலம் இடறி விழுந்து உடைந்ததில் ஒரு துண்டு அங்கே தங்கிவிட்டதாம்.

அந்த அறைக்குள் ஒளிந்துகொள்ள வருகிறவன் ஒருவன் உண்டு. ஹோசே அர்க்காதியோ செகுந்தோ. வாழைத் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் படையினர் சுட்டுத் தள்ளிய கூட்டத்திலிருந்து பிழைத்தவன். 3000 பேர் மாண்டனர் என்கிறான் அவன். ஊராரோ, அப்படி ஒன்றும் நடக்கவில்லை, யாரும் சாகவில்லை என்கிறார்கள். அரசின் அறிக்கையும் அதையே சொல்கிறது. வீட்டைச் சோதிக்க வந்த படை அலுவலர் சுவடி அறையில் அவன் இருக்கும் இடத்தையே பார்க்கிறார். ஆனால் அவனைக் காணவில்லை. நாடு மறுத்துவிட்ட உண்மைக்குக் கற்பனைச் சுவடியின் அறையே புகலிடமாயிற்று.

இதற்கு அடியில் மெய்யான வரலாறு உண்டு. 1928 டிசம்பரில் கொலம்பியாவின் சியெனாகா நகரில், அமெரிக்கப் பழநிறுவனத்தின் தோட்டங்களில் வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்மீது படையினர் சுட்டனர். எத்தனை பேர் இறந்தார்கள் என்பது இன்றும் வழக்கிலுள்ளது. 3000 என்ற எண் தம் நூலின் காவியப் பேரளவுக்காகத் தாம் வைத்துக்கொண்டது என்பதை மார்க்வெஸ் 2002இல் வெளிவந்த தன்வரலாற்றில் மறைக்காமல் சொல்கிறார். பிற்காலத்தில் நாட்டின் மேலவையில் பேசிய ஒருவர், மாண்டுபோன 3000 பேருக்காக மௌன அஞ்சலி வேண்டினார் என்பதையும் அவரே குறிப்பிடுகிறார். புதினத்தின் எண் நாட்டின் நினைவாகிவிட்டது. ஒருவரும் சாகவில்லை என்ற பொய்க்கு எதிரே எழுந்த கற்பனை அது. ஆகவே அதில் ஓர் அறம் உண்டு. ஆயினும், இது நான் வைத்த எண் என்று படைப்பாளியே ஒத்துக்கொண்டதிலும் ஓர் அறம் உண்டு. இரண்டாம் அறம் இல்லாத இடத்தில் முதலாவது நெடுநாள் நிலைக்காது.

இவ்விடத்தில் போர்ஹெஸிடம் மீண்டும் போக வேண்டும். அவரது ‘த்லோன், உக்பார், ஓர்பிஸ் தெர்த்தியுஸ்’ என்ற கதை 1940இல் ‘சுர்’ இதழில் வெளிவந்தது. அக்கதைக்கு அவர் சேர்த்த பின்குறிப்பில் இட்ட ஆண்டு 1947! இன்னும் வராத ஆண்டிலிருந்து திரும்பிப் பார்த்துப் பேசும் குறிப்பு அது. அறிஞர் கூட்டம் ஒன்று மறைவாகக் கூடி, த்லோன் என்னும் இல்லாத உலகத்துக்கு ஒரு முழுக் கலைக்களஞ்சியம் எழுதுகிறது. அதன் 11ஆம் தொகுதி மட்டும் கதைசொல்லியின் கையில் கிடைக்கிறது. அவ்வுலகின் மெய்யியலாருள் ஒரு சாரார் காலம் என்பதே இல்லை என்பர்: நிகழ்காலத்துக்கு எல்லை கிடையாது, எதிர்காலம் என்பது இப்போதைய நம்பிக்கை, கடந்தகாலம் என்பது இப்போதைய நினைவு. மற்றொரு சாரார், காலம் முழுவதும் ஏற்கெனவே கழிந்துவிட்டது, நம் வாழ்வு அதன் மங்கிய நினைவே என்பர்.

கேட்க இனிமையாக இருக்கிறது. ஆனால் அடுத்து வருவதைக் கேளுங்கள். அவ்வுலகில் எதிர்பார்ப்பே பொருளை உண்டாக்கும். சிறை அதிகாரி ஒருவர் கைதிகளிடம், பழைய ஆற்றுப்படுகையில் கல்லறைகள் உள்ளன, அரிய பொருளைக் கண்டெடுப்பவர்க்கு விடுதலை என்கிறார். ஒரு வாரம் தோண்டியும், துருப்பிடித்த ஒரு சக்கரம்தான் கிடைக்கிறது. அதன் காலமோ தோண்டத் தொடங்கிய நாளுக்கும் பிற்பட்டது. பின்னர்ப் பள்ளி மாணவர்களைக்கொண்டு அச்சோதனை தொடர்கிறது. ஒரு பள்ளியினர் பொன் முகமூடியையும் பழவாளையும் தாழிகளையும் எடுக்கிறார்கள். எடுத்தார்களா, உண்டாக்கினார்களா என்பது வினா. விளைவு யாதெனில், கடந்தகாலம் எதிர்காலத்தைப் போலவே வேண்டியபடி வளைக்கத்தக்க பொருளாகிவிடுகிறது. கதையின் முடிவில் த்லோன் நம் உலகுக்குள் கசிகிறது. பள்ளிகளில் அதன் ஒழுங்கான வரலாறு கற்பிக்கப்பட்டு, நமது குழப்பமான மெய்வரலாறு மறக்கப்படுகிறது. இரண்டாம் உலகப்போர் மூண்டிருந்த வேளையில், இனப் பெருமைக்கேற்பக் கடந்தகாலத்தைத் திருத்தி எழுதிய ஆட்சிகளின் நடுவே, போர்ஹெஸ் இதை எழுதினார் என்பது கருதத்தக்கது.

இது கதையில் மட்டும் நடப்பதன்று. செக் மொழி ஜெர்மன் மொழியின் நிழலில் ஒடுங்கிக் கிடந்த காலத்தில், 1817இல் பொகீமியாவின் துவூர் கிராலவே ஊரில், 13ஆம் நூற்றாண்டினது எனப்பட்ட கையெழுத்துப் படி ஒன்றை ஹன்கா என்னும் அறிஞர் கண்டெடுத்ததாக அறிவித்தார். அடுத்த ஆண்டே அதனினும் பழமையானது என்று மற்றொன்று வெளிவந்தது. வீரப் பாடல்கள் அவை. நாடே மகிழ்ந்தது. ஓவியர்களும் இசைவாணர்களும் அவற்றிலிருந்து ஊக்கம் பெற்றனர். 1886இல் மொழியியலார் கெபாவரும் பேராசிரியர் மசாரிக்கும் அவற்றின் மெய்ம்மையை ஐயுற்று, சான்றுகளை அடுக்கி எழுதியபோது, இனத் துரோகிகள் என்று தூற்றப்பட்டனர். பொய்யின்மேல் கட்டிய பெருமை ஒரு மொழிக்கு வேண்டியதில்லை என்பது மசாரிக்கின் நிலை. 1918இல் செக்கோஸ்லோவாகியா பிறந்தபோது அதன் முதல் குடியரசுத் தலைவரானவர் அதே மசாரிக்.

அந்தப் பாடல்களை எழுதியவர் தம் பெயரிலேயே வெளியிட்டிருந்தால் செக் மொழிக்கு ஒரு நல்ல கவிஞர் கிடைத்திருப்பார். பெயரை மறைத்துப் பழமையைப் பூசியதால், கவிஞரும் போனார், பழமையும் போயிற்று. தீங்கு சுவடியைக் கற்பனை செய்ததில் இல்லை. கற்பனை என்பதைச் சொல்லாமல் விட்டதில் இருக்கிறது.

நிற்க. இவ்வளவையும் பேசிவிட்டு நம் வீட்டைப் பாராமல் போவது முறையன்று. இறையனார் களவியல் உரையில் முச்சங்க வரலாறு வருகிறது. தலைச்சங்கம் 4440 ஆண்டு, இடைச்சங்கம் 3700 ஆண்டு, கடைச்சங்கம் 1850 ஆண்டு. கூட்டினால் 9990. மூன்று எண்களும் 37ஆல் மீதியின்றி வகுபடும். 120 மடங்கு, 100 மடங்கு, 50 மடங்கு. வரலாற்றின் ஆண்டுகள் இவ்வளவு சீராக அமைவதில்லை. பாட்டின் சீர்கள்தாம் இப்படி அமையும். அங்கே முதுநாரை, முதுகுருகு, களரியாவிரை என்று நமக்குக் கிடைக்காத நூல்களின் பெயர்கள் வருகின்றன. இளமையில் இப்பெயர்களை முதன்முதலாகப் படித்த இரவில் எனக்கு உறக்கம் வரவில்லை. அப்பெயர்களே ஒரு கவிதை. அக்கவிதையை அப்படியே ஆண்டுக்கணக்காக எடுத்துக்கொண்டு மேடையேறுவோரும் உண்டு. வெறும் கட்டுக்கதை என்று எறிவோரும் உண்டு. இருவருக்கும் அப்பெயர்களின் அழகு தட்டுப்படவில்லை என்பேன். இழப்பை அளந்து பார்க்க ஓர் இனம் புனைந்துகொண்ட காலம் அது. அதைப் பாட்டாகப் படிப்பவனுக்கு அது வற்றாத ஊற்று.

இழப்பின்முன் எப்படி நிற்க வேண்டும் என்பதற்கும் நம்மிடம் முன்மாதிரி உண்டு. 1894இல் உ.வே. சாமிநாதையர் புறநானூற்றைப் பதிப்பித்தார். அதில் 267ஆம் பாட்டும் 268ஆம் பாட்டும் இல்லை, ஏட்டில் கிடைக்கவில்லை. வேறு சில பாட்டுகளில் அடிகள் சிதைந்திருந்தன. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் மாணவர் அவர். செய்யுள் இயற்றுவது அவருக்குப் பேசுவதைப் போன்றது. இரண்டு பாட்டை அவ்விடத்தில் அமைத்து வைத்திருந்தால் ஐயுறுபவர் எத்தனை பேர் இருந்திருப்பர்? அவர் அமைக்கவில்லை. எண்கள் இருக்கின்றன, பாட்டு இல்லை. இன்றும் 266ஐப் படித்துவிட்டு 269க்குத் தாண்டுகிறோம். செல் அரித்த அந்த இடைவெளியில்தான் காலத்தின் முகத்தை நேராகப் பார்க்கிறோம். வெற்றிடத்தை வெற்றிடமாகவே விட்டுவைத்தது, பாட்டு எழுதுவதற்கு நிகரான செயல்.

ஆனால் அது பதிப்பாசிரியரின் அறம். கவிஞனின் அறம் வேறு. உலகியல் வழக்கு என்றும் நாடக வழக்கு என்றும் பிரித்துக் காட்டிய இலக்கண மரபு நம்முடையது. தோழி என்று ஒருத்தி உண்மையில் இருந்தாளா என்று எந்தச் சங்கப் புலவரையும் யாரும் கேட்டதில்லை. காணாமற்போன முதுகுருகைக் கவிஞன் எழுதலாம், எழுதவும் வேண்டும். ‘இது முதுகுருகு’ என்று ஏட்டில் கீறிப் பரணில் ஒளித்து வைக்கக்கூடாது, அவ்வளவே. பதிப்பாசிரியர் வெற்றிடத்தைக் காப்பவர். கவிஞர் அதன் எதிரே நின்று தம் குரலில் பாடுபவர். ஒருவர் வேலையை மற்றவர் செய்தால் இரண்டும் கெடும்.

இப்பொழுது என் வழக்குக்கு வருகிறேன். மூன்றாண்டுகளுக்கு முன் நம் நண்பர் ஏட்டின் முகமூடியோடு வந்தார். அரைமணி நேரம் அணிந்திருந்தார். பிறகு யாரும் கேளாமலே தாமே கழற்றினார். அது செர்வாந்தேஸின் வழி, ஹன்காவின் வழியன்று. ஏமாற்று என்று நான் சொன்னது பிழை. அன்று அந்த அறையில் பொய் சொன்னவர் ஒருவர் உண்டென்றால் அவன் நான்தான். எந்த ஏட்டையும் காணாமல் 17ஆம் நூற்றாண்டு என்று சான்றிதழ் வழங்கியவன் நான். எதிர்பார்ப்பே பொருளை உண்டாக்கும் என்ற த்லோன் நாட்டு விதி என்னிடம்தான் வேலை செய்தது. பழமை வேண்டும் என்று விரும்பினேன். உடனே பழமை தென்பட்டது. பிறகு என் நாணத்தை மறைக்க ஒரு நல்ல கவிதையைத் தொகுப்பிலிருந்து விலக்கினேன்.

அந்தக் கவிதையின் நாட்டில் தலைமடையார் முறைக்கு மேல் காலத்தை எடுத்துக்கொள்வார்கள் என்று சொன்னேன். மூத்தவர்களாகிய நாங்கள் பழமை என்னும் தலைமடையில் அமர்ந்துகொண்டு, இளையோர்க்கு வரவேண்டிய காலத்தைத் தேக்கி வைத்திருக்கிறோமோ என்ற ஐயம் எனக்கு உண்டு. ஒரு புதுச்சொல்லை இளைஞன் ஆண்டால் பிழை என்கிறோம். அதே சொல் ஏட்டில் கிடைத்தால் அரிய ஆட்சி என்கிறோம். கைக்குழந்தையோடு கடைமடையில் நிற்கும் அந்தப் பெண்ணின் சொல் யாருக்குச் சொல்லப்பட்டது என்று அன்று எனக்கு விளங்கவில்லை. விளங்கியிருந்தால் அதன் நூற்றாண்டைத் தேடிக்கொண்டிருந்திருக்க மாட்டேன்.

மெல்கியாதெஸின் சுவடியை அதன் வாசகன் நூறாண்டு கழித்தே படிக்க முடிந்தது. நம் நண்பரின் பன்னிரண்டு ஏடுகளைப் படிக்க எனக்கு மூன்றாண்டு ஆயிற்று. இன்று அவர் கடைசி வரிசையில் அமர்ந்திருக்கிறார். அவையின் முன்னிலையில் அவரிடம் பொறுத்தருளக் கேட்கிறேன். விழா மலரின் தொகுப்பாளர்களுக்கும் ஒரு வேண்டுகோள். அக்கவிதையை இம்மலரில் அச்சிட வேண்டும். பரணில் கிடைத்த ஏடு என்ற முன்னுரையை நீக்க வேண்டா. அது கவிதையின் பகுதி. அடியில் அவருடைய பெயரும் எழுதிய ஆண்டும் இருக்கட்டும். இடம் போதாது எனில் என் உரையைச் சுருக்கிக்கொள்ளுங்கள்.

பத்தாண்டு கடந்த இவ்வட்டத்தின் கவிஞர்கள், இல்லாத சுவடிகளை இன்னும் பலவாக எழுத வேண்டும். எழுதியவர் பெயரை நாணமின்றி இட வேண்டும். கேட்பவர்களாகிய நாங்கள் ஏட்டின் வயதைக் கேட்குமுன் பாட்டைக் கேட்கப் பழக வேண்டும்.